தொடங்கிய காரணத்தை மறவாதவர்

அணுகுண்டின் வரலாற்றை எழுதுவோர் அதனை ஆக்கியோரின் பெயர்களையே விரித்துரைப்பர். அப்பணியினின்று இடையிலே விலகிய ஒருவரின் வரலாறு அவற்றினும் எண்ணத்தக்கது. அவர் இயற்பியலறிஞர் ஜோசப் ராட்பிளாட்.

வார்சா நகரில் 1908இல் பிறந்த அவர், 1939இல் இங்கிலாந்தின் லிவர்பூலுக்குச் சென்று, நியூட்ரானைக் கண்டறிந்த சாட்விக்கிடம் ஆய்வு மேற்கொண்டார். நோயுற்ற மனைவி வார்சாவிலேயே தங்க நேர்ந்தது. போர் மூண்டது, அவ்வம்மையார் நாஜிகளின் கொடுமைக்கு இரையானார். ஹிட்லரின் கைக்கு அணுகுண்டு முதலிற் கிட்டிவிடுமோ என்னும் அச்சமே ராட்பிளாட்டை அவ்வாய்வில் ஈடுபடுத்தியது. 1944இன் தொடக்கத்தில் அமெரிக்காவின் லாஸ் அலமோஸ் ஆய்வுக்கூடத்தை அடைந்தார்.

அவ்வாண்டின் இறுதியில், ஜெர்மனி அம்முயற்சியைக் கைவிட்டமை தெரியவந்தது. தாம் வந்த காரணம் தீர்ந்தது எனக் கருதி அவர் விடைபெற்றார். ஒற்றரோ என ஐயுற்றனர். விலகும் உண்மைக் காரணத்தை உடனிருந்தோரிடம் உரைக்கவும் தடை விதித்தனர். ஏனையோர் ஏன் விலகவில்லை? சிலரை அறிவியல் ஆர்வம் பிணித்தது. ஜப்பானியப் போர் முடியட்டும் என்றனர் சிலர். தம் எதிர்காலத்திற்கு ஊறு நேருமென அஞ்சினர் வேறு சிலர். இவற்றைப் பின்னாளில் ராட்பிளாட்டே எழுதியுள்ளார்.

1945 ஆகஸ்ட்டில் ஹிரோஷிமாவும் நாகசாகியும் எரிந்தன. அதன்பின் அவர் தம் அறிவை மருத்துவ இயற்பியலுக்கு உரியதாக்கினார். 1954இல் பிகினித் தீவில் நிகழ்ந்த ஹைட்ரஜன் குண்டுச் சோதனையின் கதிரியக்கத் தூசு ஜப்பானிய மீன்பிடி படகொன்றின்மேல் படிந்தது. அரசினர் கூறியதினும் தீங்கு மிகப் பெரிது என்பதை ராட்பிளாட் கணித்து வெளியிட்டார். மறு ஆண்டு ஜூலை 9 அன்று, ரஸ்ஸலும் ஐன்ஸ்டைனும் முன்னின்ற எச்சரிக்கை அறிக்கை லண்டனில் வெளியாயிற்று. கையொப்பமிட்ட பதினொருவருள் அவரும் ஒருவர். ஐன்ஸ்டைன் தாம் மறைவதற்குச் சில நாள் முன்னரே அதில் கையொப்பமிட்டிருந்தார்.

1957இல் கனடாவின் பக்வாஷ் சிற்றூரில், பனிப்போரின் இருபக்கத்து அறிவியலாளரும் ஒருங்கே அமர்ந்து உரையாடினர். அக்கூட்டங்களைப் பல்லாண்டு நடத்திச் சென்றவர் ராட்பிளாட். 1995இல் அவருக்கும் பக்வாஷ் அமைப்புக்கும் நோபல் அமைதிப் பரிசு பகிர்ந்தளிக்கப்பட்டது. மருத்துவர் ஏற்கும் உறுதிமொழி போன்றதொன்றை அறிவியலாளரும் ஏற்கலாம் என்று அவ்வேளையில் அவர் வேண்டினார். 2005இல் மறைந்தார்.

அவர் அறிவைப் பழித்தாரல்லர். எதன்பொருட்டுத் தொடங்கினோமோ அது தீர்ந்த பின்னும் தொடரும் செயலையே அஞ்சினார். தொடங்கும்போது கேட்ட வினாவை இடையிலும் ஒருமுறை கேட்டல் வேண்டும் என்பதே அவர் வாழ்வு நமக்கு உணர்த்தும் அறம்.