பெட்டிக்குள் வந்த தேனீயும் பி பிளாக் சன்ஷேடும்



சென்ற ஆண்டு பி பிளாக் ஐந்தாம் மாடி சன்ஷேடின் அடியில் முறம் அகலத்துக்குக் கறுப்பாகத் தொங்கிய தேன்கூடு உங்களுக்கு நினைவிருக்கும். ஒரு ஞாயிற்றுக்கிழமை இரவு மருந்தடிக்க ஆட்கள் வந்தார்கள். மறுநாள் காலை கார் பார்க்கிங்கில் செத்துக் கிடந்த தேனீக்களை ஹவுஸ்கீப்பிங் அக்கா இரண்டு வாளி நிறைய அள்ளிக் கொட்டினார். தப்பிப் பிழைத்தவை இடம் தெரியாமல் சுற்றிக்கொண்டிருந்ததில் அன்று மதியம் மூன்று பேர் கொட்டு வாங்கினார்கள். கூடு தொங்கிய இரண்டு மாதத்தில் ஒருவரைக்கூட அவை கொட்டவில்லை. செலவு பராமரிப்புக் கணக்கில் போனது.

இப்போது அதே சன்ஷேட் வரிசையில், இரண்டு வீடு தள்ளி, மறுபடியும் ஒரு கூடு வந்திருக்கிறது. அடுத்த பொதுக்குழுவில் 'தேன்கூடு அகற்றுதல்: நிரந்தரத் தீர்வு' என்று ஒரு பொருளும் சேர்க்கப்பட்டிருக்கிறது. அதற்கு முன் ஒரு பழைய கதையை உங்களிடம் சொல்லிவிட வேண்டும் என்று தோன்றியது. சென்ற ஆண்டு மருந்தடிக்கச் சம்மதித்துக் கையெழுத்துப் போட்டவர்களில் நானும் ஒருவன். தேன் பெட்டி வைத்துப் பிழைத்த வீட்டில் பிறந்தவன் நான். எனக்குத் தெரிந்திருக்க வேண்டும்.

பெட்டி வருவதற்கு முன்

தேன் எடுப்பது நம் நாட்டில் மிகப் பழைய தொழில். ஆனால் தேனீ வளர்ப்பது அப்படியல்ல. மரப்பொந்திலோ பாறையிலோ கூடு இருக்கும் இடத்தைக் கண்டுபிடித்து, புகை போட்டு ஈயை விரட்டி, அடையை அறுத்துப் பிழிந்து எடுப்பார்கள். தேனோடு புழுவும் மகரந்தமும் சேர்ந்தே நசுங்கும். சில ஊர்களில் பானையையோ, குடைந்த மரத்துண்டையோ, சுவரில் விட்ட மாடத்தையோ தேனீக்கு வீடாகக் கொடுத்தார்கள். அங்கும் தேன் வேண்டுமென்றால் அடையை அறுத்தாக வேண்டும். அடை போனால் குஞ்சும் போகும்.

இதற்கு வழி திறந்தது அமெரிக்காவில், 1851-ல். பிலடெல்பியாவில் இருந்த லாங்ஸ்ட்ராத் என்ற பாதிரியார் ஒன்றைக் கவனித்தார். இரண்டு அடைகளுக்கு நடுவே தேனீ நடமாட விடுகிற சந்து ஒரே அளவில் இருக்கிறது. 6 முதல் 9 மில்லிமீட்டர். சந்து அதைவிடக் குறுகலாக இருந்தால் பிசின் வைத்து அடைத்துவிடும். அகலமாக இருந்தால் நடுவில் இன்னொரு அடை கட்டிவிடும். சரியான அளவில் விட்டால் எதுவும் செய்யாமல் நடைபாதையாக வைத்துக்கொள்ளும். அந்த அளவை விட்டு மரச்சட்டங்களைத் தொங்கவிட்டால், சட்டத்தைப் புத்தகத்தின் பக்கம் போல ஒவ்வொன்றாக வெளியே எடுக்கலாம், திரும்ப வைக்கலாம். 1865-ல் சுழற்றித் தேன் எடுக்கும் கருவியும் வந்தது. அடையை அழிக்காமல், குஞ்சைக் கொல்லாமல் தேன் எடுக்க மனிதன் கற்றுக்கொண்டு நூற்றைம்பது ஆண்டுக்குச் சற்று அதிகம், அவ்வளவுதான்.

நம் தேனீக்கு ஏற்ற பெட்டி

1880-களில் வங்காளத்தில் டக்ளஸ் என்ற ஆங்கிலேயர் இந்தியாவில் இந்த முறையைக் கொண்டுவர முயன்றார், கைகூடவில்லை. நம் அடுக்குத் தேனீ ஐரோப்பியத் தேனீயைவிடச் சிறியது, கூட்டமும் சிறியது. ஐரோப்பிய அளவுப் பெட்டி அதற்குப் பெரிய மண்டபம் போல.

தென்னிந்தியாவில் நியூட்டன் என்ற பாதிரியார் நம் தேனீயின் உடம்பையும் கூட்டத்தையும் பார்த்து, அதற்கேற்ற சிறிய பெட்டியை வடிவமைத்தார். 1911 முதல் 1917 வரை கிராமத்து மக்களுக்கு அதில் தேனீ வளர்க்கப் பயிற்சியும் கொடுத்தார். அந்தப் பெட்டிக்கு இன்றும் நியூட்டன் பெட்டி என்றே பெயர். திருவிதாங்கூரில் 1917-லும், மைசூரில் 1925-லும், சென்னை மாகாணத்தில் 1931-லும் தேனீ வளர்ப்பு தொடங்கியது. 1928-ல் அரசு விவசாயக் குழு இதைக் கிராமத் தொழிலாக வளர்க்கலாம் என்று பரிந்துரைத்தது. 1934-ல் காந்தியடிகள் வார்தாவில் தொடங்கிய அகில இந்திய கிராமத் தொழில் சங்கமும் தேனீ வளர்ப்பைக் கையில் எடுத்தது.

மார்த்தாண்டம் இதில் தனிக்கதை. அன்று அது திருவிதாங்கூரில் இருந்தது. குமரி மாவட்டம் தமிழ்நாட்டோடு சேர்ந்தது 1956-ல்தான். 1920-களில் அங்கே ஒய்.எம்.சி.ஏ. கிராமப் புனரமைப்பு மையத்தை நடத்திய ஸ்பென்சர் ஹாட்ச், சிறு நிலக்காரர்கள் வீட்டு முற்றத்திலேயே செய்யக்கூடிய தொழில்களைத் தேடினார். கோழி வளர்ப்போடு தேனீப் பெட்டியும் வந்தது. பிறகு ரப்பர் தோட்டங்கள் கைகொடுத்தன. ரப்பர் மரம் ஆண்டுத் தொடக்கத்தில் இலை உதிர்த்துத் துளிர்க்கும்போது, இலைக்காம்பில் இருக்கிற சுரப்பியில் தேன் சுரக்கும். பூவுக்குக் காத்திருக்க வேண்டியதில்லை. அந்த இரண்டு மூன்று மாதத்துக்காகப் பெட்டிகளைத் தலைச்சுமையாகத் தோட்டத்துக்குக் கொண்டுபோவார்கள். என் அப்பாவும் அப்படிக் கொண்டுபோனவர். எங்களுக்கு நாற்பது பெட்டி இருந்தது. என் பள்ளிக்கூடக் கட்டணம் அதிலிருந்துதான் வந்தது.

1991

அந்த ஆண்டு பெட்டியைத் திறந்தபோது வழக்கமான மணம் இல்லை. அறைகளுக்குள் புழுக்கள் கூட்டுப்புழுவாக மாறாமல், தோல் ஒரு பையாகி உள்ளே நீர் கோத்து, செத்துக் கிடந்தன. தாய்லாந்தில் 1976-ல் கண்டறியப்பட்டதால் 'தாய் சாக் புரூட்' என்று பெயர் பெற்ற வைரஸ் நோய் அது. 1991-92-ல் கேரளம், தமிழ்நாடு, கர்நாடகம் மூன்றிலும் அடுக்குத் தேனீக் கூட்டங்களில் பெரும்பகுதியை அழித்தது. மருந்து கிடையாது. எங்கள் நாற்பது பெட்டியில் ஒன்றும் மிஞ்சவில்லை. ஊரில் பலர் பெட்டிகளை உடைத்து விறகாக எரித்துவிட்டு வேறு வேலைக்குப் போனார்கள்.

அப்பா பெட்டிகளைக் கழுவி வெயிலில் காயவைத்து, இரண்டு வருடம் திண்ணையில் அடுக்கி வைத்திருந்தார். ஒரு நாள் பக்கத்துத் தெருவில் பாழுங்கிணற்றுச் சுவரின் பொந்தில் ஒரு கூட்டம் நல்லபடியாக இருப்பதைப் பார்த்துவிட்டு வந்தார். நோய்க்குத் தப்பிய கூட்டம். அதைப் பக்குவமாக எடுத்துப் பெட்டியில் வைத்தார். அதைப் பிரித்து இரண்டாக்கினார், பிறகு நான்காக்கினார். குமரியில் தேனீ வளர்ப்பு மீண்டது இப்படித்தான்: தப்பிப் பிழைத்த கூட்டங்களைத் தேடிப் பிடித்துப் பெருக்கியவர்களால். 2023-ல் மார்த்தாண்டம் தேனுக்குப் புவிசார் குறியீடு கிடைத்தபோது அப்பா இல்லை. அவர் அன்று சொன்னது மட்டும் நினைவுக்கு வந்தது: "மக்கா, பெட்டிய நாம செய்யலாம். ஈய நாம செய்ய முடியாது."

அந்தக் கிணற்றைத் தூர்த்திருந்தாலோ, பொந்தில் யாராவது மண்ணெண்ணெய் ஊற்றியிருந்தாலோ எங்களுக்கு இரண்டாவது வாய்ப்பு இருந்திருக்காது. யாரும் கண்டுகொள்ளாமல் விட்ட ஒரு சுவர்தான் எங்களைக் காப்பாற்றியது.

நம் வளாகத்தில் இருப்பவர்கள்

பி பிளாக் சன்ஷேடில் இருப்பது அடுக்குத் தேனீ அல்ல, மலைத்தேனீ. அதை எந்தப் பெட்டியிலும் வைக்க முடியாது. வெளிச்சத்தில் திறந்தவெளியில் ஒரே ஒரு பெரிய அடை கட்டும். பாறைச் சரிவும் உயர்ந்த மரமும் அதற்குப் பிடித்த இடம். அதன் கண்ணுக்கு நம் ஐந்தாம் மாடி சன்ஷேட் ஒரு பாறை விளிம்பு. பூ இருக்கும்வரை சில மாதம் தங்கும், பிறகு கூட்டமாகக் கிளம்பிவிடும். போன இடத்திலிருந்து பழைய இடத்துக்கே ஆண்டுதோறும் திரும்பி வருவதும் உண்டு. அதனால்தான் சென்ற ஆண்டு கொன்றும் தீர்வு வரவில்லை. அந்த இடம் அவற்றுக்குப் பிடித்திருக்கிறது.

மற்ற மூன்று வகையும் நம்மோடு இருக்கின்றன. ஏ பிளாக் மீட்டர் பெட்டிக்குப் பக்கத்துச் சுவர் விரிசலில் மெழுகும் பிசினும் கலந்த ஒரு சிறு குழாய் நீட்டிக்கொண்டிருக்கும், பாருங்கள். அது கொசுத்தேனீயின் வாசல். அதற்குக் கொட்டத் தெரியாது. சி பிளாக் பால்கனிச் செடிகளில் உள்ளங்கை அகலத்துக்கு அடை கட்டுவது கொம்புத்தேனீ. பின்பக்கத்து வேப்பமரப் பொந்தில் இருப்பது அடுக்குத் தேனீ, எங்கள் அப்பா வளர்த்த அதே இனம். இவை தவிர, கூட்டமாக வாழாத தனித்தேனீக்களும் உண்டு. மொட்டைமாடியில் கத்தரியும் தக்காளியும் வைத்திருப்பவர்கள் நீல வரி போட்ட ஒரு தேனீயைப் பார்த்திருப்பீர்கள். அது பூவைப் பிடித்துக்கொண்டு உடம்பை அதிரவைத்து மகரந்தத்தை உதிர்க்கும். இந்த வித்தை தேன் தரும் தேனீக்களுக்குத் தெரியாது.

பயம் பொய்யல்ல

கைக்குழந்தை இருக்கும் வீட்டில், கொட்டினால் ஒவ்வாமை வரக்கூடியவர் இருக்கும் வீட்டில், பயம் நியாயமானது. மலைத்தேனீ கலைந்தால் கூட்டமாகத் துரத்தும். ஒன்று கொட்டிய இடத்தில் எழும் வாசனை மற்றவற்றையும் அங்கேயே அழைக்கும். ஆனால் அவை காரணமில்லாமல் கலைவதில்லை. கல், பந்து, புகை, மருந்து, கூட்டைத் தாக்கும் பருந்து, இவைதான் வழக்கமான காரணங்கள். முதல் நான்கும் நம் கையில் இருக்கின்றன.

பொதுக்குழுவில் நான் முன்வைக்கப் போவது இவ்வளவுதான்:

1. மலைத்தேனீக் கூட்டுக்கு மருந்து, தீ இரண்டும் வேண்டாம். கூடு இருக்கும்வரை அந்தப் பகுதியின் கீழே கயிறு கட்டி, குழந்தைகள் பந்து விளையாடாமல் பார்த்துக்கொள்வோம். கொசுப் புகையை அந்தப் பக்கம் அடிக்க வேண்டாம்.

2. அந்த வரிசை வீடுகளில் இரவில் பால்கனி விளக்கை அணைத்து, ஜன்னலுக்கு வலை போடுவோம். மலைத்தேனீ இரவு வெளிச்சத்தைத் தேடி வரும். வீட்டுக்குள் வருவது பெரும்பாலும் இதனால்தான். வலைச் செலவைச் சங்கம் ஏற்கட்டும். மருந்துக்குக் கொடுத்த பணம்தானே.

3. லிஃப்ட், படிக்கட்டு, விளையாடும் இடம் ஆகியவற்றின் அருகில் கூடு வந்தால், கொல்லாமல் அகற்றத் தெரிந்தவர்களை அழைப்போம். கூட்டம் தானாகக் கிளம்பிப் போன பிறகு, அந்த சன்ஷேடில் வலை அடித்தால் அடுத்த ஆண்டு வேறு இடம் பார்த்துக்கொள்ளும். நிரந்தரத் தீர்வு இதுதான்.

4. ஒவ்வாமை உள்ளவர்களின் பெயர்ப்பட்டியல் செக்யூரிட்டி அறையில் இருக்கட்டும். கொட்டினால் முதலில் அந்த இடத்தை விட்டு விலகி உள்ளே போங்கள். கொடுக்கை நகத்தால் உடனே சுரண்டி எடுங்கள். மூச்சுத் திணறல், முகம் வீங்குதல், பல கொட்டுகள் என்றால் காத்திருக்காமல் 108.

மரக்கிளையில் திடீரென்று ஒரு பந்து போலத் தேனீக்கள் மொய்த்தால் அது கூடு அல்ல. புது வீடு தேடிப் போகும் வழியில் இளைப்பாறும் கூட்டம். ஓரிரு நாளில் போய்விடும். வாட்ஸ்அப்பில் படம் போடுங்கள், கல் மட்டும் போடாதீர்கள்.

நீங்கள் வீட்டிலேயே செய்யக்கூடியது

நம் தோட்டத்தைத் தேனீயின் கண்ணால் பாருங்கள். கொரியன் புல், குரோட்டன்ஸ், அடுக்குச் செம்பருத்தி. அழகுதான், ஆனால் தேனீக்குச் சாப்பாடு இல்லை. ஒரு துளசித் தொட்டியைக் கதிர் கிள்ளாமல் விட்டுப் பாருங்கள், காலையிலேயே கூட்டம் வரும். பத்துமணிப்பூ கொசுத்தேனீக்கு உயிர். மல்லி, கடுகு, வெந்தயம் விதைத்தால் கொஞ்சத்தைப் பூக்க விடுங்கள். வளாகத்தில் இடம் இருக்கும் இடங்களில் முருங்கை, புங்கன், நாவல் வைக்கலாம். கோடையில் ஒரு அகல் தட்டில் கூழாங்கல் போட்டு, கல் மூழ்காத அளவுக்குத் தண்ணீர் ஊற்றி வையுங்கள். கல் இல்லையென்றால் தேனீ மூழ்கிவிடும். செடிக்கு வேப்பெண்ணெய் தெளிப்பதானாலும் பூவில் படாமல், பொழுது சாய்ந்த பிறகு தெளியுங்கள்.

மே 20 உலகத் தேனீ நாள். 18-ஆம் நூற்றாண்டில் வியன்னாவில் தேனீ வளர்ப்பு கற்பித்த ஸ்லோவேனியர் அன்டன் யான்ஷாவின் நினைவாக, ஐக்கிய நாடுகள் சபை 2017-ல் அறிவித்த நாள். அன்று நம் குழந்தைகளை அழைத்துக்கொண்டு ஏ பிளாக் மீட்டர் பெட்டி அருகே கொசுத்தேனீ வாசலைக் காட்டலாம் என்றிருக்கிறேன். கொட்டாத தேனீயிடம் தொடங்கினால் பயம் தெளியும்.

சென்ற ஆண்டு போட்ட கையெழுத்தை இனி அழிக்க முடியாது. இந்த ஆண்டு அந்தக் கூட்டைக் காப்பாற்ற முடியும். பொதுக்குழுவுக்குத் தவறாமல் வாருங்கள். எதிர்த்துப் பேச வேண்டுமென்றாலும் வாருங்கள். உங்கள் பயத்தையும் கேட்டுத்தான் முடிவெடுக்க வேண்டும்.