பியானோக்காரரும் ஃபுல் பேக்கும்

ரொனால்ட் கோமன் பந்தைக் கீழே வைத்துவிட்டு இரண்டடி பின்னால் நகர்ந்தார். போன வாரம் அங்கேதான் நிறுத்தினோம். 1993 அக்டோபர் 13, ரோட்டர்டாம். சில நிமிடங்களுக்கு முன்னால் டேவிட் பிளாட்டை இழுத்துச் சாய்த்த அதே கோமன். சிவப்பு அட்டை வாங்கி டிரெஸ்ஸிங் ரூமில் உட்கார்ந்திருக்க வேண்டியவர், இங்கிலாந்தின் உலகக் கோப்பைக் கனவுக்கு எதிரே ஃப்ரீ கிக் எடுக்க நிற்கிறார். கோட்டுக்கு வெளியே இங்கிலாந்து மேனேஜர் கிரஹாம் டெய்லர் லைன்ஸ்மேனிடம் வாதாடிக் கொண்டிருக்கிறார்.

இந்த வாரம் அந்த உதையையும் அதன் பின்விளைவையும் எழுதுவதாகச் சொல்லியிருந்தேன். எழுதவும் உட்கார்ந்தேன். ஆனால் முதல் பத்தியிலேயே ஒரு கேள்வி வழிமறித்தது. கோட்டுக்கு வெளியே நிற்கும் அந்த மனிதர் யார்? டச்சுக்காரர்களிடம் தோற்ற மேனேஜர் என்று மட்டும் தெரிந்துகொண்டு ரோட்டர்டாமுக்குள் போனால், லண்டன் பத்திரிகைகள் அன்றைக்குச் செய்த அதே தவறை நாமும் செய்தவர்கள் ஆவோம். ஆகவே 16 வருடம் பின்னால் போய், ஒரு தொலைபேசி அழைப்பிலிருந்து தொடங்குகிறேன்.

கிரிம்ஸ்பி, லிங்கன் கதையெல்லாம் பார்த்துவிட்டோம். இடுப்புக் காயத்தால் விளையாட முடியாமல்போன ஃபுல் பேக் டெய்லர், 28 வயதில் அதே லிங்கன் சிட்டியின் மேனேஜர் நாற்காலியில் உட்கார்ந்தார். 1974-75 சீசனில் புள்ளிகள் சமமாகி, கோல் சராசரியில் செஸ்டரிடம் மயிரிழையில் மேல் டிவிஷனுக்கு ஏறும் வாய்ப்பை இழந்தார். அடுத்த சீசனில் 46 ஆட்டம், 32 வெற்றி, 4 தோல்வி, 111 கோல், 74 புள்ளி. வெற்றிக்கு 2 புள்ளி கொடுத்த காலம் முழுவதிலும் லீக்கில் வேறெந்த அணியும் ஒரு சீசனில் அதைவிட அதிகம் எடுத்ததில்லை. நான்காம் டிவிஷன் என்பதால் யாரும் இதைப் பெரிதாகப் பேசுவதில்லை. பேசியிருக்க வேண்டும்.

1977இல் முதல் டிவிஷன் கிளப்பான வெஸ்ட் பிராம்விச் ஆல்பியனின் பார்வை அவர்மேல் விழுந்திருந்தது. அந்த நேரத்தில்தான் நான்காம் டிவிஷனில் கிடந்த வாட்ஃபோர்டின் சேர்மன் போன் செய்தார். அந்தச் சேர்மனின் பெயர் எல்டன் ஜான்.

இரண்டு வருடத்துக்கு முன் லாஸ் ஏஞ்சலிஸின் டாட்ஜர் ஸ்டேடியத்தில், ஜிகினா பதித்த பேஸ்பால் சீருடை போட்டுக்கொண்டு இரண்டு நாள் பாடிய அதே எல்டன் ஜான்தான். உலகத்தில் அவருக்குத் திறக்காத கதவு இல்லை. அவர் தேடிப்போய்த் தட்டிய கதவு, மைதானத்தைச் சுற்றி நாய்ப் பந்தய டிராக் ஓடிய விகரேஜ் ரோடு. இது பணக்காரரின் பொழுதுபோக்கு என்று அன்று பலரும் நினைத்தார்கள். எனக்கு அப்படித் தோன்றவில்லை. ரெஜினால்ட் ட்வைட் என்ற சிறுவனாகப் பின்னர் (Pinner) என்ற பகுதியில் வளர்ந்தபோது, அப்பாவோடு அதே விகரேஜ் ரோட்டின் படிகளில் நின்று ஆட்டம் பார்த்தவர் அவர். அப்பாவும் மகனும் மனம்விட்டுப் பேசிக்கொள்ளாத வீட்டில், இருவரும் சேர்ந்து போன இடம் அது.

குடும்பத்தில் இன்னொரு கால்பந்துக் கதையும் உண்டு. 1959 எஃப்.ஏ. கோப்பை இறுதி ஆட்டம், நாட்டிங்ஹாம் ஃபாரஸ்ட் எதிர் லூட்டன். ஃபாரஸ்டின் முதல் கோலை 10ஆவது நிமிடத்தில் அடித்தவர் ராய் ட்வைட், எல்டனின் உறவினர். 33ஆவது நிமிடத்தில் அவருக்குக் கால் முறிந்தது. மாற்று வீரரை இறக்க விதி இடம் தராத காலம். மீதி ஆட்டத்தை ஃபாரஸ்ட் 10 பேரோடு ஆடி 2-1 என்று ஜெயிக்க, ராய் அதை மருத்துவமனைக் கட்டிலில் படுத்தபடி டி.வி.யில் பார்த்தார். அப்போது எல்டனுக்கு 12 வயது. இப்படி ஒரு கதை கேட்டு வளர்ந்த பையன் கையில் காசு வந்ததும் கிளப் வாங்கியதில் என்ன ஆச்சரியம்?

1974இல் கிளப்புக்குப் பணம் சேர்க்க விகரேஜ் ரோட்டிலேயே கச்சேரி செய்தார். 1976இல் சேர்மன் ஆனார். அதே ஆண்டு, தான் இருபால் ஈர்ப்பு கொண்டவன் என்று ஒரு பேட்டியில் வெளிப்படையாகச் சொன்னார். அதன் பிறகு எதிரணி கேலரிகள் அவரைப் பார்த்துப் பாடிய பாட்டுகளை இங்கே எழுத எனக்கு மனமில்லை. சனிக்கிழமைதோறும் அதைக் கேட்டுக்கொண்டு அவர் தன் இடத்தில் உட்கார்ந்திருந்தார். எழுந்து போகவில்லை. தைரியம் என்றால் எனக்கு அதுதான்.

டெய்லரின் பெயரை எல்டனிடம் சொன்னவர் அப்போது இங்கிலாந்து மேனேஜராக இருந்த டான் ரெவி. உலகக் கோப்பை வென்ற கேப்டன் பாபி மூரின் பெயரும் அந்த வேலைக்கு அடிபட்டது. மூரை எடுத்திருந்தால் நாளிதழ்களின் முதல் பக்கம் கிடைத்திருக்கும். எல்டன் எடுத்தது லிங்கன்காரரை. இருவரும் பேச உட்கார்ந்தபோது, கிளப்பை எங்கே கொண்டுபோக விரும்புகிறீர்கள் என்று டெய்லர் கேட்டார். ஐரோப்பியப் போட்டிக்கு என்றார் எல்டன். நான்காம் டிவிஷனில் இருந்துகொண்டு பேசிய பேச்சு இது! அதற்கு 10 லட்சம் பவுண்டு ஆகும் என்றார் டெய்லர். எல்டன் தயங்கவில்லை. ஐந்து வருட ஒப்பந்தம் கையெழுத்தானது.

அடுத்த ஆறு வருடத்தைப் பாருங்கள். 1978இல் நான்காம் டிவிஷன் சாம்பியன். 1979இல் மூன்றிலிருந்து இரண்டுக்கு. 1982இல் முதல் டிவிஷன். 1983இல் லிவர்பூலுக்கு அடுத்த இடம், இங்கிலாந்திலேயே இரண்டாவது. அந்தச் சீசனின் கடைசி நாளில் சாம்பியன் லிவர்பூலையே விகரேஜ் ரோட்டில் 2-1 என்று வீழ்த்தினார்கள். லிவர்பூல் மேனேஜராக பாப் பெய்ஸ்லி உட்கார்ந்த கடைசி லீக் ஆட்டம் அது.

நடுவில் நடந்தவற்றில் இரண்டை மட்டும் சொல்கிறேன். 1978 அக்டோபரில், மூன்றாம் டிவிஷனில் இருந்த வாட்ஃபோர்டு ஓல்ட் டிராஃபோர்டுக்குப் போய் மான்செஸ்டர் யுனைடெட்டை லீக் கோப்பையில் 2-1 என்று வென்றது. இரண்டும் லூதர் பிளிஸெட் தலையால் முட்டிய கோல்கள். 1980இல் சவுத்ஹாம்ப்டனிடம் இரண்டு ஆட்டச் சுற்றின் முதல் ஆட்டத்தில் 4-0 என்று தோற்றுவிட்டு, மறு ஆட்டத்தில் கூடுதல் நேரம்வரை போய் 7-1 என்று ஜெயித்தது. அன்றைக்கு மைதானத்தில் இருந்த ஒவ்வொருவர்மேலும் எனக்குப் பொறாமை உண்டு.

பிளிஸெட் ஜமைக்காவில் பிறந்தவர். 1982-83இல் 27 லீக் கோல் அடித்து முதல் டிவிஷனில் முதலிடம். பிறகு 10 லட்சம் பவுண்டுக்கு ஏ.சி. மிலானுக்குப் போனார். எல்டனிடம் டெய்லர் சொன்ன அந்தத் தொகை, ஒரே வீரர் மூலம் திரும்பி வந்துவிட்டது. கிங்ஸ்டனில் பிறந்த ஜான் பார்ன்ஸையோ, ஒரு சிறிய உள்ளூர் கிளப்பிலிருந்து ஒரு செட் ஜெர்சி கொடுத்து வாங்கினார்கள். 17 வயதில் வாட்ஃபோர்டுக்கு ஆடத் தொடங்கிய அந்தப் பையன்தான் 1984இல் மரக்கானாவில் பிரேசில் வீரர்களை வரிசையாகத் தாண்டிப் போய் இங்கிலாந்துக்காகக் கோல் அடித்தவர். கறுப்பு வீரர்கள்மேல் வாழைப்பழம் வீசப்பட்ட மைதானங்களின் காலத்தில், டெய்லரின் அணி இந்த இருவரையும் நம்பி எழுந்தது.

அவருடைய ஆட்டமுறையைப் பற்றி ஒரு அவதூறு இன்றுவரை உண்டு: பந்தை உயரத் தூக்கி அடித்துவிட்டு ஓடுகிற ஆட்டம் என்பார்கள். பந்து விரைவாக முன்னே போனது உண்மை. விமானப்படையில் கணக்கு அதிகாரியாக இருந்த சார்லஸ் ரீப், 1950இல் ஸ்விண்டன் மைதானத்தில் பென்சிலும் நோட்டுமாக ஒவ்வொரு பாஸையும் எண்ணத் தொடங்கியவர். பெரும்பாலான கோல்கள் மூன்று பாஸுக்குள் பிறக்கின்றன என்று கண்டவர். அவருடைய கணக்குகள் வாட்ஃபோர்டுக்கும் வந்தன. ஆனால் டெய்லர் அணியின் உயிர் அதில் இல்லை. இரண்டு ஓரத்திலும் உண்மையான விங்கர்கள், வலப்பக்கம் நைஜல் காலகன், இடப்பக்கம் பார்ன்ஸ். பந்து எதிரணி காலுக்குப் போன அந்த நொடியே முன்வரிசையிலிருந்தே விரட்டிப் பிடிப்பது. எதிரணி ஃபுல் பேக்குக்கு மூச்சுவிட இடம் தரக்கூடாது. தானே ஒரு ஃபுல் பேக்காக வருடக்கணக்கில் அந்த ஓரத்தில் தவித்தவருக்கு, எதிரியை எங்கே நெருக்கினால் வலிக்கும் என்று தெரியும். இன்றைக்கு இதே வேலையை ஜெர்மன் மேனேஜர்கள் செய்தால் விஞ்ஞானம் என்கிறோம்.

மைதானத்துக்கு வெளியே செய்ததும் சாதாரணமல்ல. ரசிகர் கலவரத்துக்குப் பயந்து மக்கள் மைதானத்தையே தவிர்த்த காலத்தில், வாட்ஃபோர்டில் குடும்பத்தோடு வந்து உட்காரத் தனி இடம் ஒதுக்கினார்கள். வீரர்கள் ஊரிலேயே குடியிருக்க வேண்டும், பள்ளிக்கூடங்களுக்கும் மருத்துவமனைகளுக்கும் போய்வர வேண்டும் என்று டெய்லர் கண்டிப்பாக இருந்தார். 1971இல் ஆர்சனலுக்கு லீக்கும் கோப்பையும் ஒரே ஆண்டில் வாங்கித் தந்த பெர்ட்டி மீயை அழைத்துவந்து தனக்கு உதவியாளராக வைத்துக்கொண்டார். தன்னைவிடப் பெரிய பெயரைப் பக்கத்தில் உட்காரவைக்க எத்தனை மேனேஜருக்கு மனம் வரும்?

எல்டன் பின்னாளில் பலமுறை சொன்ன சம்பவம் ஒன்று. குடியும் போதையும் அவரை விழுங்கிக் கொண்டிருந்த நாட்கள். டெய்லர் அவரைத் தன் வீட்டுக்கு அழைத்தார். எல்டன் வந்து உட்கார்ந்ததும், ஒரு பெரிய கோப்பை நிறைய பிராந்தியை ஊற்றி அவர் முன்னால் வைத்து, உனக்கு வேண்டியது இதுதானே, குடி, என்ன ஆயிற்று உனக்கு என்று முகத்துக்கு நேரே கேட்டார். சம்பளம் கொடுக்கும் சேர்மனிடம், அதுவும் உலகம் கொண்டாடும் பாடகரிடம், வேலைக்காரர் கேட்ட கேள்வி. சுற்றியிருந்த நூறு பேரில் ஒருவர்கூடக் கேட்கத் துணியாத கேள்வி. எல்டன் உடனே திருந்திவிடவில்லை. குடியை முழுதாக விட 1990 ஆனது. ஆனால் டெய்லரை வேலையைவிட்டு நீக்கவும் இல்லை, அந்தக் கேள்வியை மறக்கவும் இல்லை. தனக்கு அவர் அண்ணன் தம்பி மாதிரி என்றே கடைசிவரை சொன்னார்.

1984 மே 19, வெம்ப்ளி. எவர்ட்டனுக்கு எதிராக எஃப்.ஏ. கோப்பை இறுதி ஆட்டம். வழக்கமான கேப்டன் வில்ஃப் ராஸ்ட்ரன் தடையால் வெளியே. ஆட்டம் தொடங்கும் முன் பாரம்பரியமாகப் பாடப்படும் துதிப்பாடல் ஒலித்தபோது எல்டனின் கண்ணிலிருந்து தண்ணீர் வழிந்ததை நாடே டி.வி.யில் பார்த்தது. வாட்ஃபோர்டு 2-0 என்று தோற்றது. இரண்டாவது கோலில், பந்தைப் பிடிக்க எழுந்த கோல்கீப்பர் ஷெர்வுட்டை ஆண்டி கிரே தலையால் முட்டினாரா, பந்தை முட்டினாரா என்ற சண்டை இன்னும் ஓயவில்லை. என் கண்ணுக்கு அது ஃபவுல். எத்தனை முறை பார்த்தாலும் ஃபவுல்தான்.

ஐரோப்பா? அதையும் பார்த்துவிட்டார்கள். 1983 யு.இ.எஃப்.ஏ. கோப்பையில் கைஸர்ஸ்லாட்டர்னிடம் ஜெர்மனியில் 3-1 என்று தோற்று வந்து, பாதிப் பேர் காயத்தில் கிடக்க, இளசுகளை இறக்கி ஊரில் 3-0 என்று ஜெயித்தார்கள். பிறகு லெவ்ஸ்கி சோஃபியா. மூன்றாவது சுற்றில் ஸ்பார்ட்டா பிராகிடம் முடிந்தது. எல்டன் கேட்ட ஐரோப்பாவை ஆறே வருடத்தில் டெய்லர் கொண்டுவந்து கொடுத்துவிட்டார்.

இந்த மனிதரைத்தான், அவர் இங்கிலாந்து மேனேஜரான பிறகு, 1992இல் ஸ்வீடனிடம் இங்கிலாந்து 2-1 என்று தோற்ற மறுநாள், தி சன் பத்திரிகை டர்னிப் கிழங்காக வரைந்தது. அவர் தலையைக் கிழங்கோடு ஒட்டி அச்சிட்டு நாடு முழுக்கச் சிரிக்கவைத்தார்கள். அந்த ஆட்டத்தில் கேரி லினேக்கரை வெளியே அழைத்தது தவறு என்று நானும் சொல்வேன். பாபி சார்ல்டனின் 49 கோலைத் தொட ஒரே கோல் பாக்கி. ஒரு கோல் அவசரமாகத் தேவைப்பட்ட நேரத்தில் கோல் அடிப்பவரையே வெளியே எடுப்பதை எப்படி நியாயப்படுத்துவது? முடிவைத் திட்டலாம். மனிதரைக் கிழங்காக்குவது விமர்சனம் அல்ல. அவருடைய அப்பா டாம் டெய்லர், ஸ்கன்தார்ப்பில் உள்ளூர் மாலைப் பத்திரிகையில் விளையாட்டு நிருபராக உழைத்தவர். பத்திரிகை மையின் வாசனையில் வளர்ந்த மகனுக்குப் பத்திரிகை தந்த பரிசு இது. இந்தக் கதையின் வில்லன் யார் என்று வாசகர்கள் கடிதம் எழுதிக் கேட்கிறீர்கள். கோமன் இல்லை என்பது என் தீர்ப்பு.

1997இல் டெய்லர் மறுபடி வாட்ஃபோர்டின் மேனேஜரானார். எல்டனும் சேர்மனாகத் திரும்பினார். அடுத்தடுத்த இரண்டு சீசனில் இரண்டு படி ஏறி, 1999இல் வெம்ப்ளியில் போல்ட்டனை 2-0 என்று வென்று பிரீமியர் லீக்குக்குப் போனார்கள். 2017 ஜனவரி 12இல் டெய்லர் இறந்தார், வயது 72. விகரேஜ் ரோட்டுக்கு வெளியே இன்று அவருடைய சிலை இருக்கிறது.

ரோட்டர்டாமை அடுத்த வாரம் கட்டாயம் எழுதுகிறேன். கோமன் முதல் முறை உதைத்த பந்து சுவரில் பட்டு, மறுபடி உதைக்க ஏன் அனுமதி கிடைத்தது என்பதிலிருந்து தொடங்குவோம். அப்போது லைன்ஸ்மேனின் காதில் பேசிக்கொண்டு ஒருவர் நிற்பார். அவரைப் பார்க்கும்போது, சேர்மனின் முன்னால் பிராந்திக் கோப்பையை வைத்த கைகளை நினைத்துக்கொள்ளுங்கள்.