மரமுந்திரியின் பெயர்வழி: பழத்திலிருந்து கொட்டைக்கு

முன்னுரை

கடலூரிலிருந்து சிதம்பரம் செல்லும் இருப்புப்பாதையில், ஆலப்பாக்கத்துக்கு அருகில் உள்ள ஊர் செம்மங்குப்பம். அங்கிருந்து மேற்கே போகப்போக நிலம் மெல்ல உயர்ந்து செம்மண் மேடாகிறது. நிலவியலார் கடலூர் மணற்கல் என்று பெயரிட்ட இந்த மேட்டில், பண்ருட்டி, நெய்வேலி, விருத்தாசலம் வரை முந்திரிக் காடுகள் பரந்துள்ளன. போர்த்துக்கீசியர் 16ஆம் நூற்றாண்டில் பிரேசிலிலிருந்து மேற்குக் கரைக்குக் கொண்டுவந்த மரம் இது. புதிதாக வந்த மரத்துக்கு இந்தப் பெயர் எப்படி அமைந்தது? கொட்டை முன்னே துருத்தி நிற்பதால் ‘முன்துருத்தி’ என்றாகி, அது ‘முந்திரி’ என மருவியது என்பது பரவலான விளக்கம். அவ்விளக்கம் பொருந்தாது. பெயர் திராட்சையிடமிருந்து வந்தது. பழத்தைக் குறிக்க வந்த அச்சொல் பிற்பாடு கொட்டைக்கு உரியதாயிற்று என்பதே இக்கட்டுரையின் வாதம்.

சொல்லின் சான்று

மரம் வருவதற்கு முன்பே சொல் தமிழில் இருந்தது. பழந்தமிழ்க் கணக்கில் முந்திரி என்பது 320இல் ஒரு பங்கு. அது வேறு சொல். நமக்கு வேண்டியது திராட்சையைக் குறித்த முந்திரி, முந்திரிகை என்பன. வடமொழியில் திராட்சைக்கு வழங்கும் ‘மிருத்வீகா’வோடு இவற்றைத் தொடர்புபடுத்துவர். மலையாளத்தில் இன்றும் முந்திரி என்றால் திராட்சைதான். நம் முந்திரி மரம் அங்கே பறங்கிமாவு, கசுமாவு. தமிழிலோ கொடிமுந்திரி, மரமுந்திரி என்ற இணை உண்டு. கொடியில் காய்ப்பது திராட்சை. மரத்தில் காய்ப்பது புதியது. ஈழத் தமிழர் இன்றும் மரமுந்திரிகை என்கிறார்கள். ‘முன்துருத்தி’ என்ற காரணப்பெயர் உண்மையானால் ‘மர’ என்ற அடைமொழிக்கு வேலையே இல்லை. முன்பே ஒரு முந்திரி இருந்ததால்தான் இரண்டையும் பிரித்துக்காட்ட அடைமொழி வேண்டியிருந்தது.

‘முந்திரிக்கொட்டை மாதிரி முந்திக்கொள்ளாதே’ என்ற வழக்கை எதிர்ச்சான்றாகக் காட்டலாம். காய்ப்பை அருகிருந்து பார்த்தவர்களின் பேச்சு அது. பூ உதிர்ந்ததும் சிறுநீரக வடிவில் பச்சைக் கொட்டைதான் முதலில் திரள்கிறது. அது ஏறக்குறைய முழு அளவை எட்டிய பிறகே பின்னாலுள்ள காம்பு சதைபிடித்துப் பருத்து, மஞ்சளாகவோ சிவப்பாகவோ பழுக்கிறது. தாவரவியலில் அதுவே பொய்க்கனி. கொட்டைதான் உண்மையான கனி. ஆகவே, கொட்டை முந்துவது மெய். ஆனால் அந்த மெய்யும், ‘முந்து’ என்ற ஒலியும் பொருந்திப்போனதால் வழக்கு பிறந்தது என்பதற்குமேல் இது எதையும் நிறுவுவதில்லை. திராட்சையின் பெயர் ஏன் இம்மரத்துக்கு வந்தது என்பதற்கு இது விடை சொல்லாது.

இலத்தீன் பெயரின் கதை

இரவல் பெயர் தமிழுக்கு மட்டும் நேர்ந்ததன்று. 1753இல் லின்னேயஸ் இம்மரத்துக்கு அனகார்டியம் ஆக்சிடென்டேல் என்று பெயரிட்டார். அனகார்டியம் என்பது அதுவரை மருந்து வணிகத்தில் நம் சேராங்கொட்டையின் பெயர். இதய வடிவம் பற்றி வந்தது. ஆக்சிடென்டேல் என்றால் மேற்கத்தியது. பெயரை இழந்த சேராங்கொட்டைக்கு 1782இல் லின்னேயஸின் மகன் செமிகார்பஸ் அனகார்டியம் என்று பெயர் சூட்டினார். செமிகார்பஸ் என்றால் குறியிடும் கனி: சலவைத் தொழிலாளர் துணியில் அழியாக் குறி வைத்தது அதன் கறுப்புச் சாற்றால்தான்.

இரண்டு இரவல்களுக்கும் ஒரு வேறுபாடு உண்டு. இலத்தீன் இரவல் மெய்யான உறவின்மேல் விழுந்தது. சேராங்கொட்டை, முந்திரி, மா மூன்றும் ஒரே குடும்பம். சேராங்கொட்டைச் சாறு தோலைப் புண்ணாக்குவது போலவே முந்திரித் தோட்டின் எண்ணெயும் சுடும். கொட்டை உடைக்கும் பெண்கள் விரல்களில் சாம்பலோ எண்ணெயோ பூசிக்கொள்வது அதனால்தான். தமிழ் இரவலில் அத்தகைய உறவு இல்லை. திராட்சையும் முந்திரியும் ஒத்துப்போகும் இடம் ஒன்றே: சாறு நிறைந்த, புளிக்கவைத்தால் மதுவாகும் பழம். கோவாவில் முந்திரிப் பழத்திலிருந்து பெனி என்ற மது வடிக்கிறார்கள். எனவே மரமுந்திரி என்று பெயரிட்டவர்களின் கண்ணில் முதலில் பட்டது பழமாகத்தான் இருக்க வேண்டும்.

பழம் போய்க் கொட்டை வந்தது

1920களில் இந்தியாவிலிருந்து அமெரிக்காவுக்குப் பருப்பு ஏற்றுமதி வளர்ந்தபின் மரத்தின் மதிப்பு கொட்டைக்கு மாறியது. கொடிமுந்திரியின் இடத்தைத் திராட்சை என்ற சொல் பிடித்துக்கொள்ள, ‘மர’ என்ற அடையும் தேவையற்று உதிர்ந்தது. இன்று பாயசத்துக்கு ‘முந்திரி, திராட்சை’ என்று அடுத்தடுத்துக் கேட்கிறோம். ஒரு காலத்தில் இரண்டுக்கும் ஒரே பெயர்.

கடலூர் மாவட்டத்தில் இந்த மாற்றம் முழுமை பெற்றுவிட்டது. விருத்தாசலம் ஆராய்ச்சி நிலையம் 1991இல் வெளியிட்ட வி.ஆர்.ஐ. 3 இரகத்தின் சிறப்பாகச் சொல்லப்படுவன கொட்டை எடை 7.2 கிராம், பருப்பு 29.1 விழுக்காடு. 2011 டிசம்பர் 30இல் தானே புயல் இங்கே ஏராளமான மரங்களைச் சாய்த்தபோது, இழப்பும் மறுநடவும் கொட்டையை வைத்தே பேசப்பட்டன. காட்டில் கொட்டையைத் திருகி எடுத்துக்கொண்டு பழத்தை மண்ணிலேயே விடுவது வழக்கமாகிவிட்டது.

முடிவுரை

முந்திரி என்ற சொல்லுக்குத் திராட்சையே முதற்பொருள், மரமுந்திரி இடைநிலை, பருப்பைக் குறிக்கும் இன்றைய வழக்கு வணிகம் தந்தது. ‘முன்துருத்தி’ என்ற விளக்கத்தைக் கைவிட வேண்டும். மண்ணில் அழுகவிடும் பழத்துக்குத்தான் நம் முன்னோர் முந்திரி என்று பெயர் வைத்தார்கள்.