வேலிமுள்ளில் காய்த்த பழம்

எறையூர் பக்கம் களாப்பழம் பறிச்சு முள்ளுல கை கீறினவங்களுக்கு இந்தக் கதை சட்டுனு புரியும். லடாக்ல சீபக்தார்ன்னு ஒரு முள்புதர். மைனஸ் 30 டிகிரி குளிரையும் தாங்கும். ரொம்ப காலம் அது பெரும்பாலும் வேலிக்கும் விறகுக்கும்தான். லே நகரில் 1962-ல் தொடங்கிய டிஆர்டிஓ ஆய்வகம் அதன் ஆரஞ்சு நிறப் பழத்தைச் சாறாக்கியது. 2000-களின் தொடக்கத்தில் 'லே பெர்ரி' என்று கடைக்கு வந்தது.

விலை வந்ததும் சிக்கலும் வந்தது. பழம் சுண்டைக்காயைவிடச் சின்னது. கிளையோட வெட்டினா வேலை சுலபம், ஆனா அடுத்த வருஷம் காய்க்கக் கிளை இருக்காது. அதனால கீழ துணி விரிச்சு, குச்சியால தட்டி உதிர்க்கிறாங்க. இன்னொண்ணு: இதுல ஆண் செடி, பெண் செடி தனித்தனி. காய்க்கலையேன்னு ஆண் செடியை விறகுக்கு வெட்டினா, பக்கத்துப் பெண் செடியும் காய்க்காது.

2023-ல் புவிசார் குறியீடு கிடைத்தது. பறிப்பு இன்னும் பெரும்பாலும் காட்டுப் புதர்களில்தான்.