பெயருக்கு முன்னால் ஒரு ‘கலாநிதி’: மலையகப் பெற்றோர் கேட்க வேண்டிய கேள்விகள்

ஹட்டனில் கோயில் திருவிழாவோ திறப்பு விழாவோ, எதற்குப் பதாகை கட்டினாலும் அதில் ஒரு ‘கலாநிதி’யாவது இருக்கிறார். சிலர் உழைத்துப் பெற்றவர்கள். வேறு சிலரிடம் எந்தப் பல்கலைக்கழகம், எது பற்றிய ஆய்வு என்று கேட்டால் பேச்சை மாற்றுகிறார்கள்.

இதைச் சிரித்துக் கடந்துவிடலாம் என்றுதான் நானும் நினைத்தேன். ஆனால், கொழுந்து பறிக்கும் ஒரு தாய், மகளின் டிப்ளோமாவுக்குத் தவணையாகக் கட்டிய பற்றுச்சீட்டுகளைக் காட்டி, இது அரசாங்க வேலைக்குச் செல்லுமா என்று கேட்டபோது சிரிக்க முடியவில்லை. 2024 செப்டம்பரில் தோட்டத் தொழிலாளரின் நாளாந்த அடிப்படைச் சம்பளம் 1,350 ரூபாயாக நிர்ணயிக்கப்பட்டது. அதிலிருந்து மிச்சம்பிடித்த பணம் அது. அந்த நிறுவனத்தின் துண்டுப்பிரசுரத்தில் பணிப்பாளரின் பெயருக்கு முன்னாலும் ‘கலாநிதி’ என்றே இருந்தது.

போலிப் பட்டம் வெறும் வீண்பெருமை அல்ல. அடுத்த வியாபாரத்துக்கு அதுவே விளம்பரம்.

இந்த வியாபாரம் உலகளாவியது. கராச்சியில் இயங்கிய எக்ஸாக்ட் நிறுவனம் நூற்றுக்கணக்கான இணையத்தளங்களில் இல்லாத பல்கலைக்கழகங்களின் பட்டங்களை விற்றதை 2015 மே மாதம் ‘நியூயோர்க் டைம்ஸ்’ அம்பலப்படுத்தியது. பல்கலைக்கழகங்களுக்கு மட்டுமல்ல, அவற்றை அங்கீகரிப்பதாகச் சொல்லும் அமைப்புகளுக்கும் அங்கே போலி இணையத்தளங்கள் இருந்தன. ‘அங்கீகாரம் பெற்றது’ என்ற வரி எதையும் நிரூபிக்காது என்பதற்கு இதுவே போதும்.

கௌரவப் பட்டங்களின் கதை வேறு. 2023 பெப்ரவரியில் சென்னை அண்ணா பல்கலைக்கழக வளாக மண்டபத்தில் ஒரு தனியார் அமைப்பு விழா நடத்தி, இசையமைப்பாளர் தேவா உள்ளிட்ட பலருக்குக் ‘கௌரவ டாக்டர்’ பட்டம் வழங்கியது. நடிகர் வடிவேலுவுக்கும் அதே பட்டம் போனது. பின்னர்தான் தங்களுக்கும் இதற்கும் தொடர்பில்லை என்று பல்கலைக்கழகம் சொல்லி, பொலிஸில் முறையிட்டது. வாங்கியவர்களும் ஏமாந்தவர்களே. மண்டபம் பல்கலைக்கழகத்துடையது என்பதால் பட்டமும் அதனுடையது ஆகிவிடாது.

நம் நாட்டிலும் இந்தக் கேள்வி உயர்பீடம் வரை போனது. 2024 டிசம்பர் 13இல் சபாநாயகர் அசோக ரன்வல பதவி விலகினார். ஜப்பானில் பெற்றதாகச் சொன்ன கலாநிதிப் பட்டத்துக்கான ஆவணங்களை உடனடியாக முன்வைக்க முடியவில்லை என்பதே காரணம். பட்டம் தமக்கு உண்டு என்றே அவர் கூறினார். ஆனால், ஆவணத்தைக் கேட்பது மக்களின் உரிமை என்பதை அந்தச் சம்பவம் உறுதிப்படுத்தியது.

சரி, எப்படிச் சரிபார்ப்பது?

முதலில், நிறுவனப் பதிவும் பட்டம் வழங்கும் அதிகாரமும் ஒன்றல்ல. ‘அரசாங்கத்தில் பதிவு செய்யப்பட்டது’ என்றால், பெரும்பாலும் அது கம்பனிப் பதிவு மட்டுமே. இலங்கையில் அரச பல்கலைக்கழகம் அல்லாத ஒரு நிறுவனம் பட்டம் வழங்க, 1978ஆம் ஆண்டின் 16ஆம் இலக்கப் பல்கலைக்கழகச் சட்டத்தின் கீழ் அங்கீகாரம் வேண்டும். எந்தப் பட்டத்துக்கு என்பதையும் பார்க்க வேண்டும்.

வெளிநாட்டுப் பட்டமென்றால் பல்கலைக்கழக மானியங்கள் ஆணைக்குழுவிடம் எழுத்தில் கேளுங்கள். சர்வதேசப் பல்கலைக்கழகச் சங்கத்தின் உலக உயர்கல்வித் தரவுத்தளத்திலும் பெயரைத் தேடலாம். தொழிற்பயிற்சி என்றால், மூன்றாம் நிலை மற்றும் தொழிற்கல்வி ஆணைக்குழுவில் நிறுவனமும் பாடநெறியும் பதிவாகியுள்ளனவா, முடிவில் என்.வி.கியூ. சான்றிதழ் எந்த மட்டத்தில் கிடைக்கும் என்று கேளுங்கள்.

கலாநிதிப் பட்டம் இலங்கைத் தகைமைச் சட்டகத்தில் மிக உயர்ந்த 12ஆம் மட்டம். அதற்கு ஆண்டுக்கணக்கான ஆய்வும் மேற்பார்வையாளரும் பரிசோதகர்கள் ஏற்ற ஆய்வேடும் வேண்டும். ‘வாழ்க்கை அனுபவத்துக்கு’ சில வாரங்களில் தருகிறோம் என்றால் அது விற்பனை.

தோட்டப் பாடசாலைகளை அரசு பொறுப்பேற்கத் தொடங்கியதே 1970களில்தான். லயத்து அறையில் படித்து பல்கலைக்கழகம் போய் ஆய்வேடு எழுதியவர்கள் நம்மிடையே இருக்கிறார்கள். விலைக்கு வாங்கியவரை அதே மேடையில், அதே பெயரில் அமர்த்தும்போது அவமதிக்கப்படுவது அவர்களே.

அந்தத் தாயின் பற்றுச்சீட்டில் இருந்த நிறுவனத்தின் பெயரைத் தேடிப்பார்த்தேன். எந்தப் பட்டியலிலும் இல்லை. அடுத்த தவணையைக் கட்ட வேண்டாம் என்று சொன்னேன். கட்டியதைத் திரும்ப வாங்க வழியுண்டா என்று கேட்டார்.

முதல் தவணைக்கு முன்னால் கேட்டிருக்க வேண்டிய கேள்விகள்தாம் மேலே உள்ளவை. அடுத்த வீட்டுப் பிள்ளையின் பெற்றோரிடமும் சொல்லுங்கள்.