அப்பாஸ் கியாரோஸ்தமியின் குறும்படங்கள்

ஈரானிய இயக்குநர் அப்பாஸ் கியாரோஸ்தமி (1940–2016) 1997இல் 'செர்ரியின் சுவை' படத்துக்காகக் கான் விழாவின் தங்கப் பனை விருதைப் பகிர்ந்துகொண்டவர். ஆனால் அவருடைய பார்வை உருவானது, அதற்குக் கால் நூற்றாண்டுக்கு முன்பே சிறுவர்களை வைத்து எடுத்த குறும்படங்களில்தான்.

தெஹ்ரானில் பிறந்து ஓவியம் பயின்றவர்; விளம்பரப் படங்கள் எடுத்துவந்தார். 'கானூன்' என்று சுருக்கமாக அழைக்கப்படும் சிறார் அறிவு வளர்ச்சி நிறுவனத்தில் திரைப்படப் பிரிவைத் தொடங்கும் பொறுப்பு அவருக்கு வந்தது. அங்கு எடுத்த முதல் படம் 'ரொட்டியும் சந்தும்' (1970). ரொட்டி வாங்கிக்கொண்டு வீடு திரும்பும் சிறுவனை ஒரு நாய் வழிமறிக்கிறது. கதை அவ்வளவே. காது கேட்கும் கருவி அணிந்த முதியவர் ஒருவரின் பின்னால் ஒதுங்கிப் போய்ப் பார்க்கிறான். அவரோ பாதியில் வேறு பக்கம் திரும்பிவிடுகிறார். கடைசியில் ஒரு துண்டு ரொட்டியைப் பிய்த்துப் போடுகிறான். நாய் வாலாட்டிக்கொண்டு கூடவே வருகிறது. சிறுவனையும் நாயையும் தனித்தனியே எடுத்து ஒட்டிவிடலாம் என்றார் ஒளிப்பதிவாளர். கியாரோஸ்தமி இசையவில்லை. இருவரும் ஒரே சட்டகத்தில், வெட்டில்லாமல் வரவேண்டும் என்று நாள்கணக்கில் காத்திருந்தார். பயம் மெல்லத் தணிவதை வெட்டி ஒட்டிக் காட்ட முடியாது. அந்தப் பிடிவாதமே பின்னாளில் அவருடைய இலக்கணமாயிற்று.

'ஒரு சிக்கலுக்கு இரண்டு தீர்வுகள்' (1975) சில நிமிடப் படம். கிழிந்த நோட்டுப் புத்தகத்தால் இரு நண்பர்களுக்குள் மூளும் சண்டையையும், பசை தடவி ஒட்டினால் அதே சிக்கல் தீர்ந்துபோவதையும் அடுத்தடுத்துக் காட்டுகிறது.

குறும்படங்களில் மிக நுட்பமானது 'சேர்ந்திசை' (1982). தெருவின் இரைச்சல் தாளாமல் ஒரு தாத்தா காதுக் கருவியைக் கழற்றிவிடுகிறார். உடனே படத்திலும் ஒலி அடங்கிவிடுகிறது. பள்ளி விட்டு வந்த பேத்தி கீழே மணியடிப்பது அவருக்குக் கேட்கவில்லை. மற்றச் சிறுமிகளும் ஒவ்வொருவராகச் சேர்ந்து கதவைத் திறக்கச் சொல்லிக் குரல் கொடுக்கிறார்கள். யார்மீதும் குற்றமில்லை. முதுமையின் நிம்மதியையும் குழந்தைகளின் அவசரத்தையும் ஒலியை வைத்தே உணர்த்திவிடுகிறார்.

1979 புரட்சிக்குப் பிறகும் அவர் ஈரானிலேயே இருந்து கானூனுக்குப் படம் எடுத்தார். அவருக்கு உலகப் புகழ் தேடித்தந்த 'நண்பனின் வீடு எங்கே?' (1987) அந்நிறுவனத்தின் தயாரிப்பே. அதிலும் ஒரு சிறுவன், வகுப்புத் தோழனின் நோட்டுப் புத்தகத்தைத் திருப்பிக் கொடுக்கத்தான் ஊர்விட்டு ஊர் ஓடுகிறான்.