சயாம் மரண ரயில் – வாய்மொழி வரலாறு

இரண்டாம் உலகப் போரில் ஜப்பான் இராணுவம் போட்ட சயாம்–பர்மா ரயில் பாதைக்கு மலாயாவிலிருந்து கொண்டுபோகப்பட்ட தொழிலாளர்களின் அனுபவங்களை, பிழைத்து வந்தவர்களிடமும் அவர்களுடைய குடும்பத்தாரிடமும் கேட்டுப் பதிவு செய்த முயற்சிகள். அப்படிப் போனவர்களில் பெரும்பாலோர் ரப்பர் தோட்டத் தமிழர்.

415 கி.மீ. நீளமுள்ள பாதை 1942இல் தொடங்கி 1943 அக்டோபரில் இணைந்தது. வேலை செய்த நேச நாட்டுப் போர்க்கைதிகள் 60,000 பேருக்கு மேல்; அவர்களில் 12,000 பேருக்கு மேல் இறந்தனர். கைதிகளுக்குப் படைப்பிரிவுப் பட்டியல் இருந்தது, ஒளித்து வைத்த நாட்குறிப்புகள் இருந்தன, இராணுவ மருத்துவர்களின் குறிப்புகளும் இருந்தன. தோட்டத் தொழிலாளிக்கு இவை எதுவும் இல்லை. மலாயாவிலிருந்து மட்டும் 70,000 பேருக்கு மேல் போனதாக மதிப்பிடுகிறார்கள். அவர்களில் இறந்தோர் தொகை இன்றும் மதிப்பீடுதான். அதனால் கைதிகளின் வரலாற்றில் வாய்மொழி ஒரு துணைச் சான்று. தொழிலாளர் வரலாற்றிலோ பல இடங்களில் அதுவே ஒரே சான்று.

போர் முடிந்த பின் முதலில் கேட்டது கைதிகளின் குரல். பியர் பூலின் பிரெஞ்சு நாவல் 1952இலும், இலங்கையின் கித்துல்கலையில் எடுக்கப்பட்ட 'தி பிரிட்ஜ் ஆன் த ரிவர் குவாய்' படம் 1957இலும் வந்தன. உலகம் அறிந்த மரண ரயில் அந்தப் படத்தில் வருவதே. அதன் கதை பிரிட்டிஷ் அதிகாரியைச் சுற்றி ஓடுவது.

ஒலிப்பதிவுக் காலம் தாமதமாகவே வந்தது. லண்டனின் இம்பீரியல் போர் அருங்காட்சியகம் 1972இல் ஒலி ஆவணப் பிரிவைத் தொடங்கியது. சிங்கப்பூரில் 1979இல் வாய்மொழி வரலாற்றுப் பிரிவு அமைந்தது. 1981இல் ஜப்பானியர் ஆட்சிக் காலம் பற்றிய நேர்காணல்களை அது தொடங்கியது. ரயில் பாதை அந்தப் பெரிய திட்டத்தில் ஒரு பகுதி மட்டுமே. போர்க்காலத்தில் இருபது வயதாக இருந்தவர் அப்போது அறுபதைத் தொட்டிருந்தார்.

இத்தகைய நேர்காணலில் தேதி கேட்டுப் பயனில்லை. தோட்டத்து ஆட்கள் காலத்தைக் கணக்கிடுவது வேறு விதம்: ஆள் பிடித்த மாதம், தீபாவளிக்கு முன்னா பின்னா, மூத்த பிள்ளை பிறந்திருந்ததா, ஜப்பானியர் வெளியிட்ட வாழைமரக் காசு செல்லாமல் போவதற்கு முன்பா. வாந்திபேதி பரவிய மழைக்காலத்தை ஒருவர் சொன்னால், 1943இன் நடுப்பகுதி என்று ஆவணங்களோடு வைத்துக் குறிக்கலாம். திரும்பியவர் சொன்னது பாதி என்றால், தோட்டக் குடியிருப்பான லயத்தில் தங்கி மரவள்ளிக்கிழங்கு தின்று, சாக்குத் துணி உடுத்தி, பிள்ளைகளை வளர்த்த பெண்கள் சொன்னது மறுபாதி. எண்ணிக்கையில் நினைவு தடுமாறும். பசியைப் பற்றியோ அடியைப் பற்றியோ பேசும்போது அவ்வளவாகத் தடுமாறுவதில்லை. இது இக்கட்டுரையாளரின் கருத்து.

மலேசியத் தமிழ் எழுத்திலும் இந்த நினைவுகள் புகுந்தன. ஆர். சண்முகத்தின் 'சயாம் மரண ரயில்' 1993இலும், அ. ரெங்கசாமியின் 'நினைவுச் சின்னம்' 2005இலும் வந்த நாவல்கள்.

சயாமின், அதாவது இன்றைய தாய்லாந்தின், காஞ்சனபுரி போர்க் கல்லறையில் ஏறத்தாழ 7,000 போர்க்கைதிகளுக்கு வரிசை வரிசையாகக் கற்கள் உள்ளன. தோட்டத் தொழிலாளர்களுக்கு அங்கே கல் கிடையாது.